இரண்டு டின் அரிசி அதிகம்

மலாயாவில், ஈப்போ டவுனில் நான் படித்த பெண்கள் பள்ளிக்கூடத்தில் ஒரு நாள் எனக்கு விடை பத்தரை ஆள் என்று வந்தது. ஒரு கிணறு வெட்ட எத்தனை பேர் வேண்டும் என்ற மாதிரியான கணக்கு அது. கரும்பலகையைப் பார்த்து எழுதும்போதே ஓர் எண்ணை மாற்றி எழுதிவிட்டிருந்தேன். வேறு எந்தப் பிள்ளையாக இருந்தாலும் பத்தரை ஆள் வந்ததுமே ஏதோ தப்பு என்று நின்று பார்த்திருக்கும். நான் நிற்கவில்லை. "பத்தரை ஆள்" என்று அழகாக எழுதி, அடியில் இரட்டைக் கோடும் போட்டுக் கொடுத்துவிட்டேன். டீச்சர் அதை வகுப்பு முழுவதும் கேட்கப் படித்தார். பாதி மனிதனுக்கு எந்தப் பாதி என்று ஒருத்தி கேட்டாள். எனக்கு வந்த கோபத்தில் சிலேட்டை அவள் தலையில் போட்டிருப்பேன்.

என் அம்மா ரப்பர் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவள். தோட்டத்துப் பேர்ப்பதிவில் பெரியவர்கள் முழு ஆள். வேலைக்கு வரும் பிள்ளைகள் அரை ஆள். அரை ஆளுக்கு அரைச் சம்பளம், அரைப் பங்கு அரிசி. அம்மா ஏழெட்டு வருஷம் அரை ஆளாக இருந்தவள். அப்படிப்பட்ட வீட்டில் வளர்ந்த எனக்குப் பத்தரை ஆள் என்பதில் ஒரு கோளாறும் தெரியவில்லை. பத்துப் பெரியவர்களும் ஒரு பையனும், அவ்வளவுதானே!

வீட்டுக்கு வந்து தம்பியிடம் புலம்பினேன். என்னைவிட ஒரு வயசு சின்னவன். அவன் கணக்கை வாங்கிப் பார்த்தான்.

"நீ போட்ட வழி சரிதான்க்கா. ஆனா நீ பதினாலுன்னு எழுத வேண்டிய எடத்துல பன்னெண்டுன்னு எழுதிருக்க."

அதுதான் என் தம்பி. ஆறுதல் சொல்ல வாயைத் திறந்தாலும் திருத்தம்தான் வெளியே வரும். யார் தப்பாகக் கணக்குச் சொன்னாலும் அவனால் சும்மா போக முடியாது. கோயில் பூசாரியைத் திருத்தியிருக்கிறான். பஸ் கண்டக்டரைத் திருத்தி அடி வாங்கியிருக்கிறான்.

ஜப்பான்காரன் வந்தபோது அப்பா இல்லை, சண்டைக்கு முன்பே காய்ச்சலில் போய்விட்டார். ஈப்போவில் துணி தைத்து எங்களைக் காப்பாற்றிய அம்மாவுக்குத் துணியும் இல்லை, நூலும் இல்லை என்று ஆனது. தோட்டத்தில் ஆள் சேர்க்கிறார்கள், வேலைக்கு வந்தால் அரிசி உண்டு என்று கேள்விப்பட்டதும் எங்களை இழுத்துக்கொண்டு தான் பிறந்த தோட்டத்துக்கே போனாள். பால் மரங்களை வெட்டித் தள்ளிவிட்டு மரவள்ளி நட்டுக்கொண்டிருந்தார்கள். ரப்பர் வாங்க ஆள் இல்லை. பெரட்டு, அதாவது காலையில் பேர் கூப்பிடுவது, ஜப்பான் மணிக்கு நடந்தது. ஜப்பான் மணி பழைய மணிக்கு ஒன்றரை மணி நேரம் முந்தியது. அதனால் கோழி எழுவதற்கு முன்னால் நாங்கள் எழுந்து வரிசையில் நின்றோம்.

பேர்ப்பதிவு எழுதுகிற கிராணியார் என்னை முழு ஆள் என்று பதிந்துகொண்டார். தம்பியைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார். அவன் குச்சி மாதிரி இருப்பான். "அரை" என்றார்.

தம்பிக்கு வந்ததே ரோஷம்! நான் கொத்துகிற அளவு அவனும் கொத்துவான், எனக்கு நாலு டின் அரிசி, அவனுக்கு இரண்டு. அரிசியைவிட அந்தப் பேர்தான் அவனைக் குத்தியது. நாங்கள் இருந்த லயத்து, அதாவது தோட்டத்து வரிசை வீடுகளின், பெண்கள் அவனை "டேய் அரை" என்றே கூப்பிட ஆரம்பித்தார்கள். நானும்தான் கூப்பிட்டேன், சும்மா விடுவேனா! ஒவ்வொரு அரிசி நாளும் அவன் கிராணியாரிடம் போய், "என்னைய முழு ஆளாப் போடுங்கையா" என்று நிற்பான். அவர் விரட்டுவார்.

பள்ளிக்கூடம் போய்விட்டது, ஆனால் கணக்கு போகவில்லை. மரவள்ளிக்குக் களை கொத்திக்கொண்டே நாங்கள் இரண்டு பேரும் கணக்குப் போட்டுக்கொள்வோம். காகிதம் கிடையாது, எல்லாம் வாயால்தான்.

"அக்கா, ஒரு எண்ணு. அத ரெட்டிச்சு, அஞ்சு கூட்டி, மூணால பெருக்கினா நாப்பத்தஞ்சு. என்னா எண்ணு?"

நாற்பத்தைந்தை மூன்றால் வகு, பதினைந்து. ஐந்தைக் கழி, பத்து. பாதி, ஐந்து. பின்னிய சடையைக் கடைசி முடிச்சிலிருந்து அவிழ்க்கிற மாதிரி. அவிழ்ந்து முடிந்ததும் அந்த எண் வந்து நிற்கும் பாருங்கள், எனக்கு உடம்பெல்லாம் சிலிர்க்கும்! இத்தனை நேரம் கண்ணாமூச்சி ஆடிவிட்டு, "கண்டுபிடிச்சுட்டியா" என்று சிரித்துக்கொண்டு வருவது போல இருக்கும். பசி மறந்துபோகும் என்று சொன்னால் அது பொய். பசி இருந்தது. பசியோடுதான் அந்த ஆனந்தமும் இருந்தது. ஒருவர் கணக்கைச் சொல்லி முடிப்பதற்குள் மற்றவர் விடையைச் சொல்லிவிட வேண்டும், அதுதான் பந்தயம். கொத்துகிற சத்தத்தையும் மீறிக் கத்துவோம். பக்கத்து நிரையில் இருப்பவர்கள் அக்காளும் தம்பியும் சண்டை போடுவதாக நினைத்துக்கொள்வார்கள்.

அப்போதுதான் சயாம் பேச்சு வந்தது. சயாமில் ரயில் பாதை போடுகிறார்கள், ஆள் வேண்டும், நல்ல சாப்பாடு, சீக்கிரம் திரும்பி வந்துவிடலாம் என்றார்கள். முதல் லாரியில் போனவர்கள் யாரும் திரும்பவில்லை. ஒரு சேதியும் இல்லை. அதற்குப் பிறகு விரும்பிப் போக ஆள் கிடைக்கவில்லை. தாப்பா டவுனில் கூட்டமாக நின்றவர்களை அப்படியே லாரியில் ஏற்றிவிட்டார்கள் என்று பேசிக்கொண்டார்கள். எங்கள் தோட்டத்தில் கிராணியார் பேர் கொடுக்க வேண்டும். கல்யாணம் ஆகாத ஆண் பிள்ளைகள் முதலில், அதுவும் முழு ஆட்களாகப் பார்த்து. அரை ஆளை ஜப்பான்காரன் எடுப்பதில்லை.

அம்மா தம்பியின் காதைப் பிடித்துத் திருகினாள். "இனிமே முழு ஆளாப் போடுன்னு போய் நின்ன, கால ஒடிச்சுப்புடுவேன். அரையாவே இருந்துட்டுப் போ. எம்புள்ள எனக்கு வேணும்."

அவன் அதற்குப் பிறகு போகவில்லை. ஆனால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே இருந்தான்.

அரிசி கொடுக்கிற முறையைச் சொல்லவேண்டும். ஸ்டோரில் ஆள் ஆளாக அளந்து கொடுத்தால் நேரமாகும் என்று ஒவ்வொரு லயத்துக்கும் மொத்தமாகச் சாக்கில் அளந்து போட்டுவிடுவார்கள். அளக்கிறவன் பதிவில் உள்ளபடி பால் டின்னால் அளப்பான். லயத்தில் யாராவது ஒருத்தி அதைப் பங்கு வைக்க வேண்டும். கணக்குத் தெரிந்தவள் என்று எங்கள் லயத்தில் அந்த வேலை எனக்கு வந்தது. முழு ஆளுக்கு நாலு டின், அரை ஆளுக்கு இரண்டு. எங்கள் லயத்துக்கு எப்போதும் ஐம்பத்தெட்டு டின் வரும். பாயை விரித்து, சாக்கைக் கவிழ்த்து, ஆளுக்கு ஆள் அளந்து போடுவேன். கடைசி டின்னோடு பாய் காலியாகும்.

அன்று எல்லோருக்கும் போட்டு முடித்தேன், பாயில் அரிசி கிடந்தது. அளந்தேன். இரண்டு டின்.

பெண்களுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "அளக்குறவனுக்குக் கண்ணு மங்கிப் போச்சுலா" என்றாள் எங்கள் அடுத்த வீட்டு அக்கா. "வாய மூடிக்கிட்டுப் பங்கு வையி. கெடச்சத எதுக்கு ஆராயிற?"

நான் ஆராயாமல் இருப்பேனா! ஸ்டோர்க்காரன் குறைத்து அளந்து பார்த்திருக்கிறோம். கூட்டி அளந்ததை அந்தத் தோட்டத்தில் யாரும் பார்த்ததில்லை. பிசகு என்றால் ஒரு டின் வரலாம், ஒன்றரை வரலாம். சரியாக, தலை தட்டி, இரண்டு டின் எப்படி வரும்? கண் எதிரே ஒரு கணக்கு வந்து உட்கார்ந்திருக்கிறது. எனக்குக் கை பரபரத்தது. தம்பியைக் கூப்பிட்டேன்.

"ரெண்டு டின்னுன்னா ஒரு அரை ஆளு," என்றேன். "நம்ம லயத்துல யாரோ ஒரு சின்னப் புள்ளைய புதுசாப் பதிஞ்சிருக்காங்க. கடைசி வீட்டு அக்காவோட அண்ணன் மக வந்திருக்காள்ல, அவதான்."

"இருக்கலாம்," என்றான் அவன். "வேற மாதிரியும் இருக்கலாம். ஒரு அரை ஆளு முழு ஆளா ஆயிருந்தாலும் ரெண்டு டின்னுதான் கூடும்."

அவன் சொன்னது சரி. இரண்டு வழியிலும் இரண்டு டின்தான். பதிவில் இப்போது முழு ஆள் எத்தனை என்று தெரியாது, அரை ஆள் எத்தனை என்றும் தெரியாது. தெரியாதது இரண்டு இருந்தால், தெரிந்த செய்தியும் இரண்டு வேண்டும். பள்ளிக்கூடத்தில் அதைப் படித்தபோது ஏதோ சட்டம் மாதிரி மனப்பாடம் செய்தோம். அன்றைக்குத்தான் அதன் அருமை புரிந்தது. எங்களிடம் இருந்தது ஒரே ஒரு செய்தி, அறுபது டின் அரிசி. கிராணியாரிடம் போய்ப் பதிவைக் காட்டு என்று கேட்க முடியுமா? நான் தலையில் கை வைத்துக்கொண்டு பாயில் உட்கார்ந்துவிட்டேன். தம்பி பாயைச் சுற்றிச் சுற்றி நடந்தான்.

திடீரென்று நின்று, "உப்பு!" என்று கத்தினான்.

உப்பு! அரிசியோடு உப்பும் வரும். உப்பில் அரை ஆள் கிடையாது. முழுசோ அரையோ, தலைக்கு ஒரு சிரட்டைக் கரண்டி. நான் உப்புப் பொட்டலத்தைப் பிரித்து அளந்தேன். அவசரத்தில் நான் கொட்டியதை அம்மா பார்த்திருந்தால் முதுகில் வைத்திருப்பாள். பதினேழு கரண்டி. எப்போதும் வருகிற அதே பதினேழு!

அப்புறம் எங்களை யார் பிடிப்பது? நான் பாதி சொல்ல அவன் பாதி சொன்னான். தலை பதினேழு, மாறவில்லை. அப்படியென்றால் புது ஆள் யாரும் இல்லை. பதினேழு பேரும் அரை ஆளாக இருந்தால் முப்பத்து நாலு டின். வந்தது அறுபது. மிச்சம் இருபத்தாறு. ஒவ்வொரு முழு ஆளுக்கும் அதில் இரண்டு டின். பதின்மூன்று முழு ஆள், நாலு அரை ஆள். பழைய ஐம்பத்தெட்டு டின்னுக்கும் அதே மாதிரி போட்டுப் பார்த்தோம். பன்னிரண்டு முழு, ஐந்து அரை. ஓர் அரை ஆள் முழு ஆள் ஆகிவிட்டது! கிராணியாரின் பதிவைக் கண்ணால் பார்க்காமல், ஒரு குத்து உப்பை வைத்து, அதில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிட்டோம். நான் எழுந்து குதித்தேன். என் ஆயுசில் நான் போட்ட கணக்குகளில் அதுதான் ராஜா. அந்த நிமிஷத்தில் ஜப்பான்காரனும் இல்லை, பசியும் இல்லை.

எங்கள் லயத்தில் அரை ஆட்கள் ஐந்து பேர். நாலு பேருக்குப் பால் பல்லே முழுசாக விழவில்லை.

"நான்தான்!" என்று தம்பி கையைத் தூக்கினான். "அக்கா, நான் முழு ஆளு! அம்மா! அம்மோவ்! நான் முழு ஆளு ஆயிட்டேன்!"

அம்மா அடுப்படியிலிருந்து வந்தாள். அவள் முகத்தைப் பார்த்ததும்தான் எனக்கு உறைத்தது. தம்பிக்கு இன்னும் கொஞ்ச நேரம் ஆனது. தூக்கிய கையைக் கீழே போடாமலே நின்றான்.

கிராணியாருக்கு ஆள் எண்ணிக்கை காட்ட வேண்டியிருந்திருக்கிறது. ஆள் போதவில்லை. பேனாவால் ஒரு கீறு, பையன் பெரிய ஆளாகிவிட்டான். எங்களிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஸ்டோர்க்காரன் பதிவைப் பார்த்து அளப்பான், அது அரிசியாக எங்கள் பாயில் வந்து விழும் என்று அவர் யோசிக்கவில்லை. இதை எழுதும்போதுகூட எனக்குப் பல்லைக் கடிக்கத் தோன்றுகிறது. வாங்கையா போங்கையா என்று அவர் முன்னால் நின்ற பிள்ளை!

லாரி எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. அம்மா அழவில்லை. வாசலில் சீனக்கா சைக்கிளோடு நின்றுகொண்டிருந்தாள். எங்கள் லயத்துப் பெண்கள் அப்படித்தான் அவளைக் கூப்பிடுவார்கள். ஈப்போ பக்கம் சுண்ணாம்பு மலை அடிவாரத்தில் காய்கறி போடுகிறவள், கீரையைக் கொடுத்துவிட்டு மரவள்ளி வாங்கிப் போக மாலையில் வருவாள். அம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டு தனக்குத் தெரிந்த மலாயில் என்னவோ சொன்னாள். "சயாம்" என்ற சொல் மட்டும் எனக்குக் கேட்டது. சீனக்கா தம்பியை மேலும் கீழும் பார்த்தாள்.

"போலே," என்றாள். முடியும் என்று அர்த்தம்.

தன் தலையிலிருந்த பெரிய ஓலைத் தொப்பியை எடுத்து அவன் தலையில் வைத்தாள். மரவள்ளி மூட்டையைச் சைக்கிளில் கட்டி, அவனைத் தள்ளச் சொன்னாள். அடுத்த வீட்டு அக்கா ஓடிவந்தாள். பாயில் கிடந்த இரண்டு டின் அரிசியையும் துணியில் முடிந்து அவன் இடுப்பில் கட்டிவிட்டாள். யாரும் பங்கு கேட்கவில்லை.

அவன் போனான். திரும்பிப் பார்த்து ஏதாவது சொல்வான் என்று நின்றேன். சைக்கிளைத் தள்ளுகிற மும்முரத்தில் அவன் திரும்பவே இல்லை.

மறுநாள் பெரட்டில் கிராணியார் அவன் பேரைக் கூப்பிட்டார். காய்ச்சல் கண்டு ஈப்போ பெரியாஸ்பத்திரிக்குப் போயிருக்கிறான் என்றாள் அம்மா. லயத்துப் பெண்கள் எல்லோரும் ஆமாம் ஆமாம் என்றார்கள். அவர் எங்களை முறைத்தார். நானும் முறைத்தேன். லாரி வந்தது. மற்ற லயங்களிலிருந்து பிள்ளைகள் ஏறினார்கள். அவர்களுடைய தாய்மார்கள் லாரிக்குப் பின்னால் ஓடியதைப் பார்த்து அம்மா உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அந்தப் பிள்ளைகளில் பெரும்பாலோர் வரவே இல்லை.

அடுத்த அரிசி நாளில் ஐம்பத்தாறு டின் வந்தது, உப்பு பதினாறு கரண்டி. தம்பியைப் பதிவிலிருந்து அடித்துவிட்டார்கள். அந்தக் கணக்கை நான் போடவில்லை, அதுவாகவே தலைக்குள் ஓடி முடிந்துவிட்டது.

சீனக்கா அதற்குப் பிறகு ஒரே ஒரு முறை வந்தாள். மலை அடிவாரத்திலும் சோல்ஜர்கள் தேடுகிறார்கள், அதனால் அவனை மீன் கொண்டுவருகிற ஒருவனோடு கடற்கரை ஊரான லூமுட் பக்கம் அனுப்பிவிட்டேன் என்றாள். போய்ச் சேர்ந்தானா என்று கேட்டோம். தெரியாது என்று கையை விரித்தாள். பிறகு அவளும் வருவதை நிறுத்திவிட்டாள். மழைக்காலம் வந்தது, போனது. நாங்கள் நட்ட மரவள்ளியைப் பிடுங்கி, மறுபடி நட்டோம். அம்மா தினமும் சாப்பாட்டில் ஒரு கை எடுத்து வைப்பாள், பிறகு அதை என் தட்டில் போடுவாள். நான் தனியாகக் கொத்தினேன். கணக்குப் போடப் பிடிக்கவில்லை. விடையை எதிர்த்துக் கத்த ஆளில்லாவிட்டால் கணக்கில் என்ன இருக்கிறது! ராத்திரி அம்மா புரண்டு படுக்கும்போதெல்லாம் அவள் என்ன நினைக்கிறாள் என்று எனக்குத் தெரியும். நானும் அதையேதான் நினைத்தேன். உயிரோடு இருக்கிறானா?

ஒரு மத்தியானம் சைக்கிள் மணி கேட்டது. சீனக்கா! ரொம்ப இளைத்திருந்தாள். கீரையைக்கூட இறக்காமல் என்னைக் கூப்பிட்டாள். மீன்காரன் ஏதோ சொல்லி அனுப்பியிருக்கிறானாம், ஒன்றும் புரியவில்லையாம், மறந்துவிடுவேனோ என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தாளாம். கண்ணை மூடிக்கொண்டு, பாடம் ஒப்பிக்கிற பிள்ளை மாதிரி மலாயில் சொன்னாள். ஒரு கூடையில் மீன். பாதியும் அதற்கு மேல் மூன்றும் முதலாளிக்குக் கொடுத்தேன். மிச்சத்தில் பாதியும் அதற்கு மேல் மூன்றும் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்தேன். எனக்கு இரண்டு மீன்.

"இக்கான் பெராப்பா?" என்று முடித்தாள். மீன் எத்தனை?

நான் ஓவென்று கத்திவிட்டேன். அம்மா பதறிக்கொண்டு ஓடிவந்தாள். "இருக்கான்ம்மா! இருக்கான்! மீன் திங்கிறான்ம்மா!" என்று அவளைக் கட்டிக்கொண்டு சுற்றினேன். மலாயா முழுக்கத் தேடினாலும் இப்படி ஒரு சேதி அனுப்ப வேறொரு பிறவி கிடையாது. அம்மா தரையில் உட்கார்ந்து, அதுவரை அழாததையெல்லாம் சேர்த்து அழுதாள். சீனக்கா எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். மீனைப் பற்றி இத்தனை அழுகையும் சிரிப்பும் எதற்கு என்று அவளுக்குப் புரிந்திருக்காது.

பிறகு விடை கேட்டாள். மீன்காரன் திரும்பிப் போகிறான், சொல்லி அனுப்ப வேண்டும் என்றாள்.

விடை எனக்கு அப்போதே வந்துவிட்டது. இருபத்தாறு. வாய்வரை வந்துவிட்டது. சட்டென்று வாயை மூடிக்கொண்டேன். சரியான விடை போனால் அவன் சிரிப்பான், சந்தோஷப்படுவான். அதோடு பேச்சு முடிந்துவிடும். அடுத்த சேதி எப்போது வருமோ, வராமலே போகுமோ. தப்பான விடை போனால்? அதுவும் ஒன்றே ஒன்று குறைவாகப் போனால்? கடலில் நீந்தியாவது வந்து திருத்துவான்!

"டுவா புலோ லீமா," என்றேன். இருபத்தைந்து.

சீனக்கா அதை முணுமுணுத்துக்கொண்டே சைக்கிளில் ஏறினாள். நான் அன்றிலிருந்து வாசலைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். கொத்தும்போது, தண்ணீர் தூக்கும்போது, சைக்கிள் மணி கேட்கிறதா என்றே காது கிடந்தது. நல்லவேளை, அதிக நாள் காக்க வைக்கவில்லை.

சீனக்கா சைக்கிளை விட்டு இறங்கும்போதே சிரித்தாள். இந்தத் தடவை மலாய் இல்லை. மீன்காரன் வாயில் புகுந்து, அவள் வாயில் உருண்டு, லூமுட்டிலிருந்து இரண்டே இரண்டு தமிழ்ச் சொல் வந்திருந்தது.

"அக்கா மக்கு," என்றாள்.

அம்மா அவள் கையைப் பிடித்து வாசல் திண்டில் உட்கார வைத்து, குடிக்கத் தண்ணீர் கொடுத்து, அதை இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள்.